ரோஜாப்பூ விழுந்த இடம்

“இடிச்சாலும் பரவாயில்ல, போங்கண்ணே!” என்று பெபிஷா கத்தினாள்.

குழித்துறைப் பாலத்தின் நடுவில் மீன் டெம்போவும் பள்ளிக்கூட வேனும் மூக்கோடு மூக்கு முட்டி நின்றன. பக்கத்தில் ஒரு முழம் இடைவெளி. ஜாஸ்பர் அதில் பைக்கை நுழைத்தார். பெபிஷாவின் மடியில் குறுக்கே கிடந்த கேமரா ஸ்டாண்டின் கால், டெம்போவின் கதவில் நீளமாக ஒரு கோடு கிழித்தது.

“சவத்துப் பயலே, பெயின்ட் அடிச்சு ஒரு வாரம் ஆவல்ல!” டெம்போக்காரர் தலையை வெளியே நீட்டினார்.

“கல்யாண வீட்டுக்குப் போறோம் மக்கா, தாலிகட்டு முடிஞ்சிரும்!” என்றார் ஜாஸ்பர், திரும்பிப் பார்க்காமலே. முப்பது வருஷமாகக் கல்யாண வீடியோ எடுக்கிறவர். அவசரம் என்றால் அவர் வாயில் வருவது அதுதான்.

ஆனால் அவர்கள் போனது கல்யாணத்துக்கு அல்ல. ஒரு கிணற்றைக் காப்பாற்ற.

முக்கால் மணி நேரத்துக்கு முன்னால் இருவரும் வடசேரி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே, ஒரு ஜெராக்ஸ் கடையைத் தூரத்தில் இருந்து படம் பிடித்துக்கொண்டிருந்தார்கள். அப்போதுதான் ஊரிலிருந்து சபிதாவின் போன் வந்தது.

“ஏட்டி பெபிஷா, ஞானக்கா வீட்டுக் கிணத்துப் பக்கம் ஜேசிபி நிக்கி. மண்ணு லாரியும் வந்தாச்சு. என்ன எளவுன்னு அறியாது. நீ ஓடி வா!”

பெபிஷா கேமரா ஸ்டாண்டை மடக்கிக்கொண்டு பைக்குக்கு ஓடினாள். கம்பெனி முந்திக்கொண்டுவிட்டது!

ஈந்திவிளையில் மிச்சமிருந்த ஒரே திறந்த கிணறு அது. மேட்டில் முந்திரிக்கொட்டையின் மேல்தோட்டைப் பிழிந்து எண்ணெய் எடுக்கும் கம்பெனி. பள்ளத்தில் ஊர். கம்பெனியின் பின்மதிலை ஒட்டிக் கறுப்புக் கழிவு தேங்கும் குழி. குழியில் தேங்குவது மண்ணுக்குள் ஊறி ஊர்க் கிணறுகளில் இறங்குகிறது என்பதுதான் பெபிஷாவின் வழக்கு. கம்பெனியோ சாமர்த்தியசாலி. வீட்டுக்கு வீடு இலவசமாகக் குழாய் போட்டுத் தந்தது. குழாய் வந்த வீட்டில் கிணறு எதற்கு? ஒவ்வொன்றாக மூடினார்கள். கடைசியில் மிஞ்சியது ஞானத்தின் கிணறு.

நாளைக் காலையில் பசுமைத் தீர்ப்பாயம் அனுப்பும் குழு வருகிறது. சீல் வைத்த குப்பியில் அந்தக் கிணற்றின் தண்ணீரை எடுத்துப் போகும். அதுவரை கிணற்றில் யாரும் கை வைக்கக் கூடாது என்று உத்தரவு. இந்த ஓர் இரவைக் கிணறு தாண்டிவிட்டால் போதும். தாண்டாவிட்டால் வழக்கும் இல்லை, அவள் எடுத்துவரும் ஆவணப்படமும் இல்லை. பெபிஷாவின் பன்னிரண்டு வருஷமும் மண்ணுக்கு அடியில்.

“அந்த முருகதாஸ் கடையை எடுத்தது பதிஞ்சிருக்கா அண்ணே?” காற்றோடு கேட்டாள்.

“பதிஞ்சிருக்கு.” ஜாஸ்பரின் குரலில் சுரத்தில்லை. “அந்த ஆளை விட்டிருக்கலாம் பிள்ளே. பாவம், ஜெராக்ஸ் எடுத்துப் பொழைக்கான்.”

“விடவா? இன்னிக்கு நாம இப்படி ஓடுறதுக்கு அவன்தானே காரணம்!”

ஜாஸ்பர் ஆக்ஸிலேட்டரை முறுக்கினார்.

பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் பெபிஷாவின் கையில் கேமரா இல்லை. மனு இருந்தது.

மார்த்தாண்டத்தில் ஒரு மாடி அறை. வாசலில் ‘சுற்றுச்சூழல் நலவாழ்வுக் குழு’ என்று பலகை. உள்ளே இரண்டு நாற்காலி, ஒரு மின்விசிறி, ஒரு பெபிஷா. அண்டி ஆபீஸ் என்று ஊர் சொல்லும் முந்திரி ஆலைகளுக்குப் போய், தோடு உடைக்கும் பெண்களைக் குழலில் ஊதச் சொல்லி மூச்சை அளப்பதுதான் அவளுடைய வேலை. பாதிப் பேருக்குக் கருவியின் முள் ஏறவே ஏறாது. தோட்டெண்ணெய் பட்டுப் பட்டு விரல் நுனி வெந்து ரேகையே போயிருக்கும். ரேஷன் கடை மிஷினில் கைவைத்தால் ‘இப்படி ஓர் ஆள் இல்லை’ என்று அது சொல்லிவிடும். “உயிரோட இருக்கேன்னு அந்த மிஷினுக்கு ஆரு சொல்லுவா மக்கா?” என்று சிரிப்பார்கள். சிரித்தால் இருமல் வரும்.

பெபிஷாவின் அம்மா ஜெபமணியும் அவர்களில் ஒருத்தி.

திங்கள்கிழமைதோறும் கலெக்டர் ஆபீசில் மனு. மனுவுக்கு ரசீது. ரசீதுக்கு நினைவூட்டல். நினைவூட்டலுக்கும் ரசீது. கடைசியில் ஒருநாள் வழி பிறந்தது. கிணற்றுத் தண்ணீரை ஆய்வகத்துக்குக் கொண்டுவரச் சொன்னார்கள். பெபிஷா கிணறு கிணறாக ஏறி இறங்கிக் கேன்களில் பிடித்தாள். நாளை யாரும் வாய் பேசக் கூடாதே என்று, தன் சொந்தக் கல்யாணத்துக்கு அச்சாரம் கொடுத்து வைத்திருந்த ஜாஸ்பரையே கூட்டிவந்து எல்லாவற்றையும் வீடியோ எடுக்கச் சொன்னாள். அன்றிரவு கேன்கள் அவள் வீட்டு அடுக்களையில் இருந்தன. விடிந்ததும் முதல் பஸ்ஸில் ஆய்வகத்துக்குப் போயின.

முடிவு வந்தது. ‘குடிக்கத் தகுந்தது.’

“எங்க குவார்ட்டர்ஸ்ல கூட இவ்வளவு நல்ல தண்ணி வரலையே மேடம்!” என்று அதிகாரி சிரித்தார். அந்தச் சிரிப்போடு வழக்கு முடிந்தது. நிதி தந்தவர்கள் நிறுத்தினார்கள். மாடி அறையில் தையல் கடை வந்தது.

எண்ணெய் மிதக்கும் தண்ணீர் எப்படி நல்ல தண்ணீர் ஆகும்? ஆய்வகத்தில் கேன்களை வாங்கி வைத்தவன் உதவியாளன் முருகதாஸ். வேறு யார் கையும் அதில் படவில்லை. பெபிஷாவுக்கு அதற்கு மேல் கணக்குத் தேவைப்படவில்லை. மனு மேல் மனு போட்டாள். இந்த முறை மனு பலித்தது. ஊருக்காகப் போட்ட அத்தனை மனுவும் தூங்க, முருகதாஸுக்கு எதிராகப் போட்டது மட்டும் விழித்துக்கொண்டது! அவன் வேலை போயிற்று.

அன்றைக்கு அவளுக்கு ஒன்று தெளிந்தது. தாளை மாற்றலாம். படத்தை மாற்ற முடியாது.

ஜாஸ்பரிடம் பழைய கேமரா ஒன்றை இரவல் வாங்கினாள். முதலில் இருமலை எடுத்தாள். பிறகு விரல்களை எடுத்தாள். கேமராவை ஆட்டாமல் பிடிக்க ஜாஸ்பர் சொல்லித் தந்தார். எங்கே வெட்ட வேண்டும் என்பதைத் தானே கற்றுக்கொண்டாள். அபினோடு நடந்த கல்யாணம் மூன்று வருஷம்கூட நிற்கவில்லை. “உனக்கு நான் வேணுமா, அண்டி ஆபீஸ் வேணுமா?” என்று குவைத்திலிருந்து கேட்டான். அவள் யோசிக்க எடுத்துக்கொண்ட நேரமே அவனுக்குப் பதிலாகிவிட்டது. அம்மாவின் நகையில் கேமரா வந்தது. அம்மாவின் கடைசி மாதங்களைக்கூட அதே கேமராதான் எடுத்தது. நெஞ்சு முழுக்கக் கம்பெனிப் புகை படிந்து, மூச்சை இழுத்து இழுத்து ஜெபமணி இறந்து இரண்டு வருஷம் ஆகிறது. படம் ‘அம்மாவுக்கு’ என்ற எழுத்தோடுதான் தொடங்கும்.

அந்தப் பழைய வீடியோவைப் பற்றி ஒரு வேடிக்கை உண்டு. ஜாஸ்பர் அதைக் கல்யாண வீடியோ மாதிரியே வெட்டிக் கொடுத்திருந்தார். அடுக்களையில் வரிசையாகக் கேன்கள். திடீரென்று திரை முழுக்க ரோஜாப்பூ மழை. பூ உதிர்ந்து முடிந்தால் விடிந்திருக்கும், பஸ் வந்திருக்கும், அம்மா ஒவ்வொரு கேனின் மேலும் சிலுவை வரைந்து வழியனுப்பிக்கொண்டிருப்பாள்.

“கேன் வெள்ளத்துக்கு எதுக்கு அண்ணே ரோஜா?” என்று அன்று பெபிஷா விழுந்து விழுந்து சிரித்தாள்.

“தொழில் பழக்கம் பிள்ளே. மாமனாரு குடிச்சிட்டு விழுந்தா ரோஜாப்பூ. நகை குறைஞ்சு போச்சுன்னு சண்டை வந்தா ரோஜாப்பூ. வீட்டுக்காரங்க தலை குனியற மாதிரி எதுவும் கேசட்டுல இருக்கப்பிடாது.”

தன் படத்தில் ரோஜாவை வெட்டிவிட்டு, சிலுவை வரையும் அம்மாவை மட்டும் வைத்துக்கொண்டாள் பெபிஷா. சென்னையில் சின்னதாக வெட்டிய படத்தைப் போட்டுக் காட்டியபோது இப்போது வழக்கை நடத்தும் வக்கீல் அம்மாள் அந்த இடத்தில்தான் கண்ணைத் துடைத்தார். அந்தச் சின்னப் படம்தான் தீர்ப்பாயத்தின் கதவைத் திறந்தது. அதுவேதான் வாட்ஸ்அப்பில் ஊர் ஊராகப் பரவியது.

வெட்டாத மூல டேப்பைப் பலமுறை கேட்டிருக்கிறாள். “பூஞ்சை பிடிச்சுப் போச்சு பிள்ளே” என்பார் ஜாஸ்பர் ஒவ்வொரு முறையும்.

பைக் ஈந்திவிளைச் சரிவில் இறங்கும்போதே ஜேசிபியின் உறுமல் கேட்டது.

கிணற்றின் கைப்பிடிச் சுவர் ஏற்கெனவே இல்லை. இயந்திரத்தின் கை செம்மண்ணை அள்ளிக்கொண்டு கிணற்றுக்கு மேலே வந்து நின்றது. பெபிஷா பைக் நிற்கும் முன்பே குதித்தாள். ஓடினாள். செருப்பு ஒன்று சேற்றில் நின்றுவிட்டது. இரண்டு கையையும் விரித்துக்கொண்டு கிணற்றின் விளிம்பில் போய் நின்றாள்.

“நிறுத்துங்க! நிறுத்துங்க!”

டிரைவர் இன்ஜினை அணைத்தார். பெயர் சுயம்புராஜ் என்று கண்ணாடியில் ஒட்டியிருந்தது. “ஏ பிள்ளே, சாவணும்னா ஆத்துல போய்ச் சாடு. எனக்க வண்டிக்கு இன்சூரன்ஸ் முடிஞ்சு போச்சு.”

“கம்பெனி எவ்வளவு தந்தாங்க?”

“எந்தக் கம்பெனி?”

“நடிக்காதீங்க. ஆரு உங்களை இஞ்ச வரச் சொன்னது? மேனேஜரா?”

சுயம்புராஜ் அவளை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு கட்டை விரலால் தன் தோளுக்குப் பின்னால் காட்டினார். “கிணத்துக்க சொந்தக்காரி அங்கதானே நிக்கா. கேட்டுக்க.”

தென்னை மரத்து மூட்டில் நின்றது ஞானம்.

கைகட்டி நின்றாள். கறுத்த விரல் நுனிகளை அக்குளில் ஒளித்து வைத்துக்கொள்வது அவளுடைய பழைய வழக்கம். பெபிஷாவின் படத்தில் முதல் சாட்சி ஞானம்தான். கேமராவைப் பார்த்து, “இந்த வெள்ளத்தைக் குடிச்சுத்தான் எனக்க வீட்டுக்காரரு போனாரு” என்று சொன்னவள். நாளை வரும் குழுவின் முன்னால் அதையே சொல்லப் போகிறவள்.

“ஞானக்கா...” பெபிஷா விரித்த கைகளை இறக்கினாள். “உங்களை மிரட்டினாங்களா?”

“ஆரு மிரட்ட? நான்தான் விளிச்சேன்.”

“ஏன்?”

“மண்ணு நிரப்பத்தான். வேறெதுக்கு ஜேசிபிய விளிப்பாவ, குளிப்பாட்டவா?”

பக்கத்தில் ஜாஸ்பர் பழக்க தோஷத்தில் கேமராவைத் தூக்கினார். ஞானம் கையை அசைத்தாள். “அதைத் தாழ்த்து ஜாஸ்பரு. எடுத்ததெல்லாம் போதும்.”

“அக்கா, நாளைக்கு ஒருநாள். ஒரே ஒருநாள்! அவங்க வந்து ஒரு குப்பி எடுத்துட்டுப் போகட்டும். அப்புறம் நானே மண்ணு சுமந்து மூடித் தாரேன்.”

“இன்னைக்குச் சாயங்காலம் அஞ்சுகிராமத்துக்காரங்க வாராவ.”

“ஆரு?”

“மாப்பிள்ளை வீட்டுக்காரங்க. நந்தனாவைப் பாக்க. மளிகைக் கடை வெச்சிருக்கான் பையன். நல்ல பையன்.” ஞானம் கிணற்றைப் பார்த்தாள். “முதல்ல ரெண்டு இடம் வந்துது. ரெண்டு பேரும் உனக்க படத்தைப் போன்ல வெச்சிட்டுத்தான் வந்தாவ. ‘இதுதானே அந்தக் கிணறு’ன்னு கேட்டாவ. குடிக்கக் குடுத்த வெள்ளத்தைத் தொடல்ல. எழும்பிப் போனாவ. அஞ்சுகிராமத்துக்காரங்ககிட்டச் சொல்லியாச்சு, எங்க வீட்டுல கிணறே கிடையாதுன்னு.”

“பொய் சொன்னா தெரிஞ்சு போயிராதா அக்கா?”

“அதுக்குத்தான் மூடுகேன். சாயங்காலத்துக்குள்ள உண்மையாயிரும்.”

ஜன்னலில் ஞானத்தின் மகள் முகம் தெரிந்தது. நந்தனா. பவுடர் பூசி, பூ வைத்து, பாதி உடுத்த பட்டுச் சேலையோடு. நர்சிங் படித்த பெண். சின்னப் படத்தில் இன்ஹேலரை வாயில் வைத்து மூச்சை இழுப்பவள் அவள்தான். அந்தக் காட்சிக்குத்தான் எல்லோரும் பெபிஷாவைப் பாராட்டினார்கள். சம்மதம் கேட்டுத்தான் எடுத்தாள்.

“பெபிஷாக்கா, அந்தப் படத்துல நான் எவ்வளவு நேரம் வாறேன்?” என்று ஜன்னலுக்குள்ளிருந்து கேட்டாள் நந்தனா. குரலில் கோபம் இல்லை. அதுதான் குத்தியது.

“கொஞ்ச நேரம்தான் நந்தனா.”

“பஸ்ஸுல என்னைக் கண்டா, ‘மூச்சு முட்டின பிள்ளைதானே’ன்னு கேக்காங்க. கொஞ்ச நேரம் கூடுதலா இருந்திருந்தா முழுப் பேரையும் கேட்டிருப்பாங்களோ என்னவோ.”

ஜன்னல் சாத்திக்கொண்டது.

பெபிஷா மெல்லப் போனை எடுத்தாள். உத்தரவின் நகல் அதில் இருந்தது. இன்ஸ்பெக்டரின் நம்பரும் இருந்தது. உத்தரவை மீறிக் கிணற்றில் கை வைப்பவர் யாராக இருந்தாலும் தகவல் சொல்லுங்கள் என்று அவரே சொல்லியிருந்தார். யாராக இருந்தாலும்! அதைச் சொன்னபோது அவர் மனதிலும் கம்பெனிதான் இருந்தது, பெபிஷாவின் மனதிலும் கம்பெனிதான் இருந்தது.

ஞானம் போனைப் பார்த்தாள். “போலீஸா? விளி. விளிச்சுச் சொல்லு. நாலு மணிக்குத்தான் மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வருவாவ, ஜீப்பும் அந்நேரமே வரட்டும். பலகாரம் ஒரு கிலோ கூடுதலா வாங்கிருகேன்.”

“அக்கா, இந்த ஊர்ல இன்னும் எத்தன பேரு அக்கா சாகணும்? சின்னப் பிள்ளைங்க இருக்கு. குழாய் வெள்ளம் எங்கேருந்து வருதுன்னு நினைக்கீங்க? அதுவும் இந்த மண்ணுக்குள்ள இருந்துதான். கம்பெனி போட்ட போர்வெல்! இந்த ஒரு குப்பிதான் நமக்கு மிச்சம்.”

“எனக்கு அறியாதுன்னா நினைக்க?” ஞானத்தின் குரல் முதல் முறையாக உடைந்தது. “நான் சாவேன், மோளே. அது அறியும். எனக்க மவளும் ஒருநாள் அப்படித்தான் போவா, அதும் அறியும். ஆனா கெட்டிக்கொடுக்காம வீட்டுல வெச்சிருந்து சாகவிடப்பிடாது. பெண்ணைப் பெத்தவளுக்க பயம் உனக்கு அறியாது. உனக்க அம்மைக்கு அறியும்.”

பெபிஷாவின் கட்டை விரல் அந்த நம்பரின் மேலேயே நின்றது. அழுத்தினால் கிணறு பிழைக்கும். ஞானம் ஜீப்பில் ஏறுவாள். நந்தனா அந்தப் பாதிச் சேலையோடு ஜன்னலுக்குப் பின்னால் நிற்பாள். அழுத்தாவிட்டால்...

போனைப் பைக்குள் போட்டாள். விளிம்பிலிருந்து விலகி நின்றாள்.

அவள் தோற்றது அந்த நிமிஷத்தில்தான். ஆனால் முழுக்கத் தோற்றுவிடவில்லை என்று அப்போது நினைத்துக்கொண்டாள்.

சுயம்புராஜ் இன்ஜினை முடுக்கினார். முதல் வாளி மண் விழுந்ததும் கிணற்றின் அடியிலிருந்து ஒரு நாற்றம் கிளம்பி வந்தது. வறுத்த தோட்டின் காரல். அடுத்தடுத்து விழுந்த மண்ணில் அதுவும் அடங்கியது. மதியத்துக்குள் கிணறு இருந்த இடம் செம்மண் தரையாகிவிட்டது. ஞானம் அதன் மேல் சாணி தெளித்தாள். சபிதா எங்கிருந்தோ இரண்டு பூந்தொட்டி கொண்டுவந்து வைத்தாள். அவளும் ஒரு பெண்ணைப் பெற்றவள்தான்.

தெருமுனையில் பூட்டிக்கிடந்தது பெபிஷாவின் அம்மா வீடு. அதன் படியில் போய் உட்கார்ந்தாள். ஜாஸ்பர் இரண்டு டீ வாங்கி வந்தார். அவள் குடிக்கவில்லை. ஆடை படிந்தது.

“வழக்கு போச்சு அண்ணே.”

“ம்.”

“ஆனா படம் இருக்கு.” அவளுக்கே தன் குரல் வேற்று ஆளின் குரலாகக் கேட்டது. “கிணறு இல்லாட்டி என்ன? நம்மகிட்ட முருகதாஸ் இருக்கான். பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால அவன் வெள்ளத்தை மாத்தாம இருந்திருந்தா அன்னைக்கே கம்பெனிய மூடியிருப்பாங்க. ஞானக்கா இன்னைக்கு மண்ணு போட்டிருக்க மாட்டா. எனக்க அம்மை செத்திருக்க மாட்டா. படத்தை அவன் முகத்துல முடிப்பேன். அந்த ஜெராக்ஸ் கடை, அவன் முகம், கீழ அவன் பேரு. நாளைக்கே வெளியிடுகேன். ஊரே காறித் துப்பட்டும்!”

ஜாஸ்பர் டீ கிளாஸைக் கீழே வைத்தார். “முருகதாஸ் முகத்தைப் படத்துலேருந்து எடுத்திரு பிள்ளே.”

“காலையிலேருந்து அவனுக்கு வக்காலத்து வாங்குறீங்க. ஏன்?”

“எடுத்திரு. கேக்காத.”

“கேப்பேன்.”

“அவனுக்கு ரெண்டு பிள்ளைங்க. வேலை போனப்ப ஒருமுறை எனக்க ஸ்டூடியோவுக்கு வந்தான். ‘அண்ணாச்சி, நான் மாத்தல்ல. கேன் வந்தப்பவே நல்ல வெள்ளம்தான் இருந்துது. உங்ககிட்ட வீடியோ இருக்காமே, ஒண்ணு பாத்துச் சொல்லுங்க’ன்னு கேட்டான். நான் இல்லன்னு சொல்லிட்டேன்.” ஜாஸ்பர் முகத்தைத் துடைத்தார். “அவன் படியிறங்கிப் போனது இன்னைக்கும் கண்ணுல நிக்கி.”

பெபிஷா அவரையே பார்த்தாள். “டேப்புல பூஞ்சை பிடிக்கல்ல. அப்படித்தானே?”

ஜாஸ்பர் தோள்பையைத் திறந்து லேப்டாப்பை எடுத்தார். அதை அவள் மடியில் வைத்தார். ஒரு ஃபைலைத் தொட்டார். “நான் வாயால சொல்லமாட்டேன் பிள்ளே. நீதானே சொல்லுவ, படத்தை மாத்த முடியாதுன்னு. நீயே பாத்துக்க.” எழுந்து போய் வேலியோரம் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றுவிட்டார்.

படம் ஓடத் தொடங்கியது.

இதே வீட்டின் அடுக்களை. வரிசையாகக் கேன்கள், மூடியில் மெழுகு ஒழுக்கி நூல் கட்டி. பன்னிரண்டு வருஷத்துக்கு முந்தைய பெபிஷா கேமராவைப் பார்த்துச் சிரித்துக் கொட்டாவி விடுகிறாள். “நாளைக்கு விடியக்காலம் வெளுப்பிலயே வந்திருங்க அண்ணே.” இந்த இடத்தில்தான் ரோஜாப்பூ விழும்.

விழவில்லை.

திரை ஒருமுறை கறுத்துத் தெளிந்தது. இன்னும் சரியாக விடியாத சாம்பல் வெளிச்சம். ஜாஸ்பர் வீட்டின் பின்பக்கமாக வந்திருக்கிறார். கேமரா அவர் நடைக்கு ஆடுகிறது. சுவரில் கல்யாணப் பந்தலுக்கான மூங்கில்கள் சாய்ந்திருக்கின்றன. அதை அழகாக எடுக்கத்தான் கேமராவைத் திருப்பியிருக்கிறார்.

மூங்கிலுக்கு அப்பால் வாழைமூடு. அங்கே ஒரு பெண் குனிந்து நிற்கிறாள். கேன் ஒன்றைக் கவிழ்க்கிறாள். பழுப்பாக ஏதோ குளுகுளுவென்று வாழைக்கு அடியில் இறங்குகிறது. பக்கத்தில் இரண்டு குடம். மேட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கும் கோயில் கிணற்றுத் தண்ணீராகத்தான் இருக்கும். அங்கே போய் இரண்டு குடம் சுமந்து வர இருட்டிலேயே எழுந்திருக்க வேண்டும். குடத்திலிருந்து கேனுக்குத் தண்ணீர் சாய்கிறது. தெளிந்த, பளிங்குத் தண்ணீர். மெழுகுத்திரி எரிகிறது. மூடியில் மெழுகு ஒழுகுகிறது. நூல் சுற்றுகிறது. கறுத்த விரல்கள். ரேகை இல்லாத விரல்கள். அவை முடிச்சை இரண்டாவது முறை இழுத்துச் சரி பார்க்கின்றன.

ஈந்திவிளையில் எந்தப் பெண்ணின் கையும் அதுவாக இருக்கலாம். பெபிஷா அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். கையைத்தான் பார்த்தாள். முகத்தைப் பார்க்க அவளுக்குத் தைரியம் வரவில்லை.

கேமராவுக்கு அந்தத் தயக்கம் இல்லை. அது மெல்ல மேலே ஏறியது.

சத்தம் கேட்டு அந்தப் பெண் திடுக்கிட்டு நிமிர்ந்தாள். பயந்தாள். பிறகு ஜாஸ்பர்தான் என்று கண்டதும் முந்தானையால் வாயைப் பொத்தி ஒருமுறை இருமினாள். அந்த இருமலை பெபிஷா எங்கே கேட்டாலும் அடையாளம் கண்டுகொள்வாள். அவள் எடுத்த படம் முழுக்க ஓடுவது அந்த இருமல்தான்.

“ஏலே ஜாஸ்பரு,” என்றாள் ஜெபமணி, கேமராவை நேராகப் பார்த்து, குரலைத் தாழ்த்தி. “எனக்க மவளுக்குக் கல்யாணம் வருகு. இது கல்யாண வீடாக்கும். இதையொண்ணும் படத்துல வெச்சிராத, கேட்டியா மக்கா?”